குண்டடி பட்டு ஓடுற ஃபெசன்ட்டை மோப்பம் புடிச்சு எடுக்க நாயைப் பழக்குறது எப்படி

ஃபெசன்ட்ங்கிறது கோழி இனத்துல நீள வாலோட இருக்குற ஒரு காட்டுப் பறவை. அதுல சேவலுக்கு றெக்கையில மட்டும் குண்டு பட்டா அது விழுந்த இடத்துல கிடக்காது. கால் ரெண்டும் நல்லாத்தானே இருக்கு, தரையைத் தொட்ட உடனே தலையைத் தாழ்த்திக்கிட்டு புல்லுக்குள்ள ஓட ஆரம்பிச்சிடும், நாம நடந்து போய் சேர்றதுக்குள்ள அது நூறு இருநூறு மீட்டர் தாண்டி ஏதாவது கோரைக்குள்ள பதுங்கியிருக்கும். விழுந்த இடத்துல நாலு இறகு மட்டும் கிடக்கும். நாய் அங்கயே சுத்திச் சுத்தி வந்துட்டு நம்ம மூஞ்சியைப் பாக்கும். அந்தப் பறவை ராத்திரி பூரா வலியோட கிடந்து சாகும் இல்ல நரி தூக்கிட்டுப் போகும். சுட்டுட்டு அப்படி விட்டுட்டு வர்றது எனக்குத் தாங்காது, சட்டமும் அமெரிக்காவுல நிறைய மாநிலத்துல சுட்ட பறவையை எடுக்க முடிஞ்ச முயற்சி எல்லாம் பண்ணியே ஆகணும்னு சொல்லுது. அதனாலதான் வேட்டை நாய்க்கு நான் சொல்லிக்குடுக்குற விஷயங்கள்ல தடம் புடிக்குறதை, அதாவது பறவை ஓடின வழியை மோந்துக்கிட்டே தொடர்றதை, முதல் இடத்துல வைக்குறேன். மினசோட்டா, சவுத் டகோட்டா பக்கம் வேலைக்கு வந்து, லேப்ரடாரோ ஸ்பேனியலோ வளர்த்து, ஆபீஸ் ஆளுங்களோட அக்டோபர்ல ஃபெசன்ட் வேட்டைக்குப் போக ஆரம்பிச்சிருக்குற நம்ம ஆளுங்களுக்காக இதை எழுதுறேன்.

ஃபெசன்ட் அமெரிக்காவுல பிறந்த பறவை இல்ல, ஆசியாவுல இருந்து வந்தது. 1880கள் ஆரம்பத்துல ஷாங்காய்ல அமெரிக்கத் தூதரகத்துல இருந்த ஓவன் டென்னி கப்பல்ல ஓரிகனுக்கு அனுப்பி வச்சாரு, அங்க நல்லா ஊன்றிடுச்சு, அப்புறம் நாடு முழுக்க கொண்டு போனாங்க. சவுத் டகோட்டாவுல 1919ல முதல் வேட்டை சீசன் நடந்துச்சு, 1943ல அதையே மாநிலப் பறவையாவும் ஆக்கிட்டாங்க. பறக்குறதை கடைசி வழியா வச்சுக்கிட்டு முதல்ல ஓடித் தப்பிக்கப் பாக்குற பறவை இது, அடி படாதப்பவே அப்படித்தான், அடி பட்டா கேக்கவே வேண்டாம்.

இப்ப விஷயத்துக்கு வரேன். தடம் பழக்குறதுன்னா பொதுவா எல்லாரும் பண்றது என்னன்னா, செத்த பறவையை ஒரு கயித்துல கட்டி புல்லு மேல தரதரன்னு இழுத்துட்டுப் போய் ஒரு இடத்துல போட்டுட்டு, வந்த வழியே திரும்பி வந்து, நாயை அவுத்து விடுறது. நாயும் சூப்பரா போய் எடுத்துட்டு வரும். வீடியோ எடுத்து வாட்ஸ்அப்ல போடுவாங்க. ஆனா நாய் எதை மோந்துக்கிட்டுப் போச்சு? எண்பது கிலோ மனுஷன் பூட்ஸ் போட்டு ரெண்டு தடவை மிதிச்சு நசுக்கின புல்லு வாசனை, அவரோட பூட்ஸ் வாசனை, வேர்வை வாசனை, இதெல்லாம் பக்கத்துலயே பலமா கிடக்கும்போது ஒன்றரை கிலோ பறவை உரசிட்டுப் போன வாசனையை அது ஏன் தேடணும்? அது உங்களைத்தான் தொடர்ந்து போயிருக்கு. அக்டோபர்ல நிஜ சேவல் ஓடும்போது அந்தத் தடத்துல உங்க பூட்ஸ் வாசனை இருக்காது, நாய் முழிக்கும். இந்த ஒரு விஷயத்தை சரி பண்ணிட்டா மீதி எல்லாம் பொறுமையா பண்ணினா வந்துடும், அதனால கொஞ்சம் நீட்டிச் சொல்றேன்.

உங்க வாசனையை தடத்துல இருந்து வெளிய எடுக்க ரெண்டு வழி. தனி ஆளா இருந்தா தூண்டில் குச்சி மாதிரி நீளமான கம்பு ஒண்ணு எடுத்து, அதோட நுனியில கயிறு கட்டி பறவையைத் தொங்க விட்டு, கம்பை பக்கவாட்டுல நீட்டிப் புடிச்சுக்கிட்டு நடங்க, நீங்க ஒரு வரிசையில நடப்பீங்க, பறவை ரெண்டு மூணு மீட்டர் தள்ளி இன்னொரு வரிசையில உரசிட்டு வரும். ரெண்டு பேர் இருந்தா இன்னும் நல்லது. பத்துப் பன்னிரண்டு மீட்டர் கயிறு, நடுவுல ஒரு சின்ன கயித்துல பறவை, ஆளுக்கு ஒரு முனையைப் புடிச்சுக்கிட்டு இணையா நடந்து போனா போதும், பறவையோட தடம் நடுவுல சுத்தமா விழும், மனுஷத் தடம் ரெண்டு பக்கமும் அஞ்சாறு மீட்டர் தள்ளி இருக்கும். வீட்டுல யாரும் வரமாட்டேன்னாலும் ஒரு பையனையாவது கூட்டிட்டுப் போங்க, அவ்வளவு வித்தியாசம் தெரியும். கடைசியில பறவையை அவுத்துப் போட்டுட்டு நேரா முன்னாடி போய், பெரிய வட்டம் அடிச்சுத் திரும்பி வாங்க. வந்த வழியில திரும்பவே கூடாது. பறவையைத் தொடும்போது ரப்பர் கிளவுஸ் போட்டுக்கோங்க.

ஜெர்மன்காரங்க இதை பரீட்சையாவே வச்சிருக்காங்க. அவங்க வேட்டை நாய்களுக்கு இலையுதிர் காலத்துல நடத்துற தேர்வுல செத்த பறவையை சுமார் 150 மீட்டர் இழுத்து தடம் போடுவாங்க, நடுவுல ரெண்டு விரிஞ்ச திருப்பம் இருக்கும். முயல்னா 300 மீட்டர். முதல் 20 மீட்டர் வரைக்கும் நாயை கயித்துல புடிச்சுக்கிட்டுப் போகலாம், அப்புறம் விட்டுடணும், அது தனியாப் போய் எடுத்துட்டு வரணும். தடத்தை காத்து போற திசையிலயே போடுவாங்க, அதாவது நாய் கிளம்பும்போது காத்து அதோட முதுகுல படணும். இதுக்குக் காரணம் இருக்கு. காத்து எதிர்ல வந்தா பறவையோட வாசனை காத்துலயே வந்துடும், நாய் தலையைத் தூக்கிக்கிட்டு குறுக்கு வழியில ஓடிடும், தரையில மூக்கை வைக்க வேண்டிய அவசியமே வராது. பழகுற காலத்துல எப்பவும் முதுகுக் காத்துதான். தடம் போடறதுக்கு முன்னாடி ஒரு சிட்டிகை இறகுத் தூவியை மேல விட்டுப் பாருங்க, காத்து எந்தப் பக்கம்னு தெரிஞ்சிடும்.

பறவைக்கு எங்க போறதுன்னு கேப்பீங்க. போன சீசன்ல சுட்ட சேவல்ல ரெண்டு மூணை உரிக்காம, இறகோட, அப்படியே பேப்பர்ல சுத்தி ஜிப் பைல போட்டு ஃப்ரீசர்ல வச்சிடுங்க (வீட்டம்மா கிட்ட முன்னாடியே சொல்லிடுங்க, தனி ஃப்ரீசர் இருந்தா உத்தமம்). முந்தின நாள் ராத்திரி கீழ ஃப்ரிட்ஜ்ல எடுத்து வச்சா காலையில இளகியிருக்கும். ஒரே பறவையை ரெண்டு மூணு தடவை பயன்படுத்தலாம், நாத்தம் வந்துட்டா தூக்கிப் போட்டுடுங்க, அழுகின பறவையை வாயில கவ்வச் சொன்னா நாய்க்கு அது மேலயே வெறுப்பு வந்துடும், சில நாய் அதுல புரள ஆரம்பிச்சிடும், சிலது கடிச்சுத் தின்னப் பாக்கும். ஃபெசன்ட் இல்லைன்னா புறா போதும். பாட்டில்ல விக்குற வாசனைத் திரவத்தை பொம்மையில தடவி எடுக்கச் சொல்ற விளையாட்டுக்கு வச்சுக்கலாம், தடத்துக்கு நான் அதை நம்புறதில்ல, நிஜப் பறவையில இருந்து உதிர்ற தோல் துகள், இறகுத் தூள், எண்ணெய், ரத்தம் எல்லாம் சேர்ந்த வாசனை அதுல கிடையாது.

குட்டிக்கு எட்டுப் பத்து வாரம் ஆனாலே ஆரம்பிச்சிடலாம். முதல்ல ஒரு காஞ்ச றெக்கையைக் காட்டி வீட்டுக்குப் பின்னாடி புல்லுல ஒரு நிமிஷம் விளையாட விடுங்க, அது வெறியா துரத்துற மாதிரி இருக்கும்போதே எடுத்து ஒளிச்சிடுங்க. அப்புறம் குட்டியை உள்ள விட்டுட்டு, அது பாக்காதப்போ அஞ்சுலருந்து பத்து மீட்டர் நேர்கோட்டுல, வெட்டின குட்டைப் புல்லுல, றெக்கையையோ புறாவையோ இழுத்து தடம் போடுங்க. ஆரம்பிக்குற இடத்துல ஒரு கைப்பிடி இறகு பிச்சுப் போடுங்க, அது நாய்க்கு 'இங்கதான் ஆரம்பம்'னு சொல்ற இடம். கழுத்துப் பட்டையில கயிறு மாட்டாதீங்க, நெஞ்சைச் சுத்திப் போடுற ஹார்னஸ் போடுங்க, கழுத்துல இழுப்பு விழுந்தா தலை தானா மேல வந்துடும், நமக்கு தலை கீழ இருக்கணும். அஞ்சு மீட்டர் லேசான கயிறு போதும். இறகு கிடக்குற இடத்துக்கு மெதுவா கூட்டிட்டுப் போய் நில்லுங்க. கை காட்டாதீங்க, 'தேடு தேடு'ன்னு கத்தாதீங்க, சும்மா நில்லுங்க. மூக்கு கீழ போகும், வால் ஆட ஆரம்பிக்கும், ஒரு அடி எடுத்து வைக்கும், நீங்க தளர்வா கயித்தை விட்டுக்கிட்டே பின்னாடி போங்க. பறவை கிடைச்ச உடனே நல்லா கொஞ்சுங்க, வாயில வச்சுக்கிட்டு பெருமையா சுத்திட்டு வரட்டும், பிடுங்காதீங்க. பிடுங்கிப் பழக்கினா அது அடுத்த தடவை பறவையை எடுத்துக்கிட்டு உங்க கிட்ட வராம ஓடும். ஒரு துண்டு கறியைக் காட்டி மாத்திக்கோங்க.

வாரத்துக்கு ரெண்டு மூணு நாள், ஒரு நாளைக்கு ஒண்ணு இல்ல ரெண்டு தடம், அதுக்கு மேல வேண்டாம். குட்டி இன்னொண்ணு வேணும்னு துள்ளும்போதே நிறுத்திடுங்க.

கஷ்டத்தை ஏத்தும்போது ஒரு நேரத்துல ஒண்ணை மட்டும் ஏத்துங்க. நீளத்தைக் கூட்டுறீங்களா, அன்னைக்கு திருப்பம் வேண்டாம். திருப்பம் வைக்குறீங்களா, தடம் புதுசா இருக்கட்டும். நான் பண்ற வரிசை இது: முதல்ல நேர்கோட்டுலயே அம்பது மீட்டர் வரைக்கும், அப்புறம் லேசான வளைவு, அப்புறம் விரிஞ்ச திருப்பம் ஒண்ணு, அப்புறம் ரெண்டு, அதுக்கப்புறம்தான் தடத்தை ஆற விடுறது, பத்து நிமிஷம், அரை மணி, ஒரு மணி. கடைசியில இடத்தை மாத்துறது, வெட்டின புல்லுல இருந்து இடுப்பளவு புல்லு, மக்காச்சோளம் அறுத்த கட்டை நிக்குற வயல், கேட்டெயில் கோரை. மண் ரோட்டைக் குறுக்கே கடக்குற தடம் ரொம்ப கஷ்டம், காஞ்ச வெறும் மண்ணுல வாசனை நிக்காது, அதை நல்லா தேறின நாய்க்குத்தான் வைக்கணும். திருப்பம் எங்கன்னு உங்களுக்கு ஞாபகம் இருக்க ஏதாவது அடையாளம் வேணும், ஆனா தடத்து மேலயே கொடி நட்டு வச்சா நாய் புத்திசாலித்தனமா கொடியைப் பாத்தே ஓடக் கத்துக்கும், அதனால நாலஞ்சு மீட்டர் தள்ளி ஏதாவது செடியில துணி கிளிப் மாட்டி வைங்க, இல்லைன்னா போன்ல ஒரு படம் எடுத்து வச்சுக்கோங்க.

திருப்பத்துல என்ன ஆகும்னா, நாய் வேகத்துல நேரா தாண்டிப் போயிடும், அஞ்சாறு மீட்டர் போனதும் வாசனை அறுந்து போயிடுச்சுன்னு அதுக்குத் தெரியும். தலை மேல வரும், வால் நிக்கும் இல்ல ஆட்டம் மாறும், சிலது திரும்பி உங்களைப் பாக்கும். இந்த இடத்துலதான் முக்கால்வாசிப் பேர் கை நீட்டி வழி காட்டிடுறாங்க. பண்ணவே கூடாது. நின்ன இடத்துலயே மரம் மாதிரி நில்லுங்க, வானத்தைப் பாருங்க, கயித்தை மட்டும் தளர்த்தி விடுங்க. அது வட்டம் அடிக்கும், கொஞ்சம் பின்னாடி வரும், திடீர்னு தலை கீழ விழும், மூக்குல இருந்து சுர் சுர்னு உறிஞ்சுற சத்தம் உங்களுக்கே கேக்கும், வால் மறுபடி வேகம் எடுக்கும். அந்தச் சத்தத்தைக் கேட்டுப் பழகிக்கோங்க, கோரைக்குள்ள நாய் கண்ணுக்குத் தெரியாதப்போ அது சரியான தடத்துல இருக்கான்னு சொல்ற ஒரே விஷயம் அதுதான். ரொம்ப நேரம் ஆகியும் புடிக்கலைன்னா பேசாம கூட்டிட்டு வந்து கடைசியா சரியா இருந்த இடத்துல இருந்து மறுபடி ஆரம்பிங்க, திட்டாதீங்க, அடுத்த நாள் தடத்தை கொஞ்சம் சுலபமா போடுங்க.

இன்னொரு சந்தேகம் எல்லாருக்கும் வரும், நாய் தடத்துல தப்பான திசையில போச்சுன்னா? பறவை எங்கிருந்து வந்துச்சோ அந்தப் பக்கமே திரும்பிப் போயிடாதா? நார்வே ஆராய்ச்சியாளருங்க 1993ல வெளியிட்ட ஒரு ஆராய்ச்சியில, பழக்கின ஜெர்மன் ஷெப்பர்ட் நாய்களை மனுஷன் நடந்து போன தடத்துக்குக் குறுக்கே கொண்டு வந்து விட்டுப் பாத்தாங்க, ரெண்டுலருந்து அஞ்சு காலடியை மோந்து பாத்துட்டு, ஒரு சில நொடியிலயே அந்த ஆள் போன திசையைச் சரியா சொல்லிடுச்சு. அடுத்தடுத்த காலடிக்கு நடுவுல இருக்குற அந்த இம்மியளவு நேர வித்தியாசம் அதோட மூக்குக்குத் தெரியுது! அதனால நாய் நல்லா தேறினதும் தடத்தோட ஆரம்பத்துல கொண்டு போய் நிறுத்தாம, பக்கவாட்டுல இருந்து குறுக்கே கூட்டிட்டு வந்து தடத்தை அதுவே கண்டுபுடிக்க விடுங்க. வேட்டையில பாதி நேரம் அப்படித்தான் நடக்கும், பறவை எங்க விழுந்துச்சுன்னு நாம குத்துமதிப்பாத்தான் சொல்ல முடியும்.

நேரமும் வெயிலும் முக்கியம். பனி ஈரம் இருக்குற காலை நேரம்தான் தடத்துக்கு நல்லது, குளிர்ச்சியும் ஈரமும் வாசனையைத் தரையில புடிச்சு வைக்கும். காஞ்ச மத்தியானத்துல தடமும் சீக்கிரம் அழியும், நாயும் நாக்கைத் தொங்கப் போட்டு இரைக்கும், இரைக்குற நாய் சரியா மோக்க முடியாது. கோடையில ஆறு மணிக்கே முடிச்சிட்டு வீட்டுக்கு வந்துடுங்க, தண்ணி கையோட இருக்கட்டும், பச்சைப் பாசி படர்ந்த குட்டையில குடிக்க விடாதீங்க, சில பாசி விஷம், நாய் செத்துப் போயிருக்கு. வீட்டுக்கு வந்ததும் காது, கால் விரலிடுக்கு, மூக்கு எல்லாம் பாருங்க, முள்ளுப் புல்லோட விதை ஏறியிருக்கும், உண்ணியும் இருக்கும். அப்புறம் மினசோட்டாவுல பொது நிலத்துல ஏப்ரல் நடுவுல இருந்து ஜூலை நடு வரைக்கும் வேட்டை நாய் பழக்கக் கூடாது, பறவைங்க கூடு கட்டுற காலம். மத்த மாநிலத்துல தேதி மாறும், அங்க இருக்குற இயற்கை வளத்துறையோட வெப்சைட்டுல பாத்துட்டுப் போங்க.

பாயிண்டர் வகை (பறவை இருக்குற இடத்தை அசையாம நின்னு காட்டுற நாய்) வச்சிருக்குறவங்க, அதாவது ஜெர்மன் ஷார்ட்ஹேர் மாதிரி நாய் வச்சிருக்குறவங்க, 'தடம் பழக்கினா நாய் எப்பவும் தரையையே மோந்துக்கிட்டு இருக்கும், தலையைத் தூக்கி காத்துல வாசனை புடிக்குறது கெட்டுடும்'னு பயப்படுவாங்க. ரொம்ப பழைய வாக்குவாதம் இது. ஜெர்மன்காரங்க ஒரே நாய் கிட்ட ரெண்டையும் எதிர்பாக்குறாங்க, கிடைக்கவும் செய்யுது. என்னோட கருத்து, ரெண்டுக்கும் சடங்கு வேற வேறயா வச்சிட்டா போதும். தடம்னா ஹார்னஸ், நீளக் கயிறு, மெதுவான நடை, ஒரே ஒரு வார்த்தை. தேடல்னா கழுத்துல மணி, விசில், ஓட்டம். நாய் குழம்பாது. லேப்ரடார், ஸ்பேனியல் வச்சிருக்குறவங்களுக்கு இந்தக் கவலையே வேண்டாம்.

செத்த பறவையை இழுத்துப் போட்ட தடத்துல நாய் தேறினதுக்கு அப்புறம்தான் உயிர்ப் பறவைக்குப் போகணும், ரெண்டும் வேற வேற. உயிரோட நடக்குற பறவை காலால அங்கங்க தொட்டுட்டுத்தான் போகும், வளைஞ்சு நெளிஞ்சு போகும், நிக்கும், திரும்பும். 1969ல ஆரம்பிச்ச நாவ்டாங்குற வட அமெரிக்க வேட்டை நாய் சங்கம் 16 மாசத்துக்கு உட்பட்ட நாய்களுக்கு நடத்துற இயல்புத் திறன் தேர்வுல இது ஒரு பகுதி, ஃபெசன்ட்டோட பறக்குற இறகுகளை எடுத்துட்டு தரையில விடுவாங்க, அது ஓடிப் போய் மறைஞ்சதும் நாயை தடத்துல விட்டுப் பாப்பாங்க. இதைத் தனியா வீட்டுல பண்ணாதீங்க. பண்ணையில வாங்குற பறவைக்கும் பர்மிட், ரசீதுன்னு மாநிலத்துக்கு மாநிலம் விதி இருக்கு, பறவையை எப்படிக் கையில புடிக்குறதுன்னே ஒரு முறை இருக்கு, தெரியாம பண்ணினா அதுக்கு அநாவசிய வதை. பக்கத்துல இருக்குற நாவ்டா கிளையில சேந்து அவங்க பயிற்சி நாள்ல பண்ணுங்க, அனுபவசாலிங்க கூட இருப்பாங்க, உங்க நாய் எப்படிப் போகுதுன்னு அவங்க பாத்துச் சொல்றதும் உதவியா இருக்கும்.

முதல் சீசன்ல நிஜமா ஒரு சேவல் அடிபட்டு விழுந்தா, முதல்ல எல்லாரையும் நின்ன இடத்துலயே நிக்கச் சொல்லுங்க. நாலு பேர் ஓடிப் போய் அந்த இடத்தை மிதிச்சுத் தேடினா, இத்தனை மாசம் நாம தடத்துல இருந்து வெளிய எடுத்த அந்த பூட்ஸ் வாசனையை நாமளே கொண்டு போய் கொட்டின மாதிரி ஆயிடும். மத்த நாய்களைக் கட்டிப் போடச் சொல்லுங்க. துப்பாக்கியில இருந்து குண்டை எடுத்துடுங்க. விழுந்த இடத்துக்கு நேரா தூரத்துல ஒரு மரமோ கம்பமோ குறி வச்சுக்கிட்டு நாயோட மெதுவா போங்க, இறகைக் காட்டுங்க, பழகின அந்த ஒரு வார்த்தையைச் சொல்லுங்க, அப்புறம் வாயை மூடிக்கோங்க. 'அந்தப் பக்கம் போச்சு, இந்தப் பக்கம் போச்சு'ன்னு பின்னாடி இருந்து சத்தம் வரும், நாயோட வாலைப் பாருங்க, அவங்க விரலைப் பாக்காதீங்க. நேரம் குடுங்க. கால் மணி நேரம் ஆனாலும் பரவாயில்ல. சவுத் டகோட்டாவுல ஒரு ஆளுக்கு ஒரு நாளைக்கு மூணு சேவல்தான் கணக்கு, பெட்டையைச் சுடவே கூடாது, இருக்குற மூணுல ஒண்ணை புல்லுக்குள்ள தொலைச்சிட்டு நாலாவதைச் சுடப் போறது சரி இல்ல.

ஊர்ல இருந்து படிக்குறவங்களுக்கு ஒரு வார்த்தை. இந்தியாவுல 1972 வனவிலங்குப் பாதுகாப்புச் சட்டப்படி வேட்டை தடை, கௌதாரி, காட்டுக்காடை, மயில் எதையும் தொடக்கூடாது, நாயை விட்டுத் துரத்த விடுறதும் குத்தம்தான். ஆனா லேப்ரடாரை ஃபிளாட்டுக்குள்ள வச்சு வளர்க்குறவங்க இதையே விளையாட்டா பண்ணலாம். கறிக்கடையில நாட்டுக்கோழி றெக்கையை இறகோட கேட்டு வாங்கி, கொதிக்குற தண்ணியில முக்காததா பாத்து வாங்கி, வேலி போட்ட தோப்போ மைதானமோ பாத்து, விடியக்காலையில நீளக் கம்புல கட்டி பத்து மீட்டர் இழுத்து தடம் போடுங்க. தெருநாய் நடமாட்டம் இருந்தா கயிறு கையிலயே இருக்கட்டும். கடைசியில றெக்கையைத் தின்ன விடாம வேற தீனி குடுத்து மாத்திக்கோங்க, கோழி எலும்பு தொண்டையில குத்திடும்.